பூஜ்ஜியத்தை எண்ணாதே, புள்ளியை நகர்த்து

அன்புள்ள நண்பா,

கடிதம் கிடைத்தது. முட்டிவலி குறைந்து மறுபடி நடக்க ஆரம்பித்துவிட்டாய் என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது. இங்கே எல்லோரும் நலம். மகள் வேலை மாறிவிட்டாள். சம்பளம் கொஞ்சம் குறைவுதான், ஆனால் ராத்திரி பத்து மணிக்கு மேல் போனைப் பார்த்துப் பெருமூச்சு விடுவது நின்றுவிட்டது. எனக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்தது. இப்போது சின்ன எழுத்தைக்கூடக் கண்ணை இடுக்காமல் படிக்கிறேன்.

சரி, பேத்தி விஷயத்துக்கு வருகிறேன். 3.2 × 10⁵ என்று கொடுத்தால் 32-க்குப் பின்னால் ஐந்து பூஜ்ஜியம் போட்டு 32,00,000 என்று எழுதுகிறாள் என்றாய். நிறையப் பிள்ளைகள் இதையேதான் செய்வார்கள். 10⁵ என்றால் ஒன்றுக்குப் பின் ஐந்து பூஜ்ஜியம் என்று படித்தது மனதில் ஒட்டிக்கொண்டு விடுகிறது. பத்தின் தலைமேல் நிற்கும் அந்த 5, அதாவது அடுக்கு, பூஜ்ஜியக் கணக்கைச் சொல்லவில்லை, தசமப் புள்ளி எத்தனை இடம் நகர வேண்டும் என்று சொல்கிறது. வலப்பக்கம் ஐந்து இடம் போக வேண்டும். முதல் இடத்தில் 2 ஏற்கெனவே உட்கார்ந்திருக்கிறது. மீதி நான்கு இடம் காலி, அங்கேதான் பூஜ்ஜியம். விடை 3,20,000.

விதியைத் திரும்பத் திரும்பச் சொல்வதைவிட ஒளியின் வேகத்தைக் கொடுத்துப் பார். நொடிக்கு 2.99792458 × 10⁸ மீட்டர். அடுக்கு 8, புள்ளிக்குப் பின்னால் இருக்கும் இலக்கங்களும் சரியாக எட்டு. புள்ளியைக் கடைசிவரை தள்ளினால் 299792458. ஒரு பூஜ்ஜியம்கூடச் சேர்க்க வேலையில்லை! எட்டு பூஜ்ஜியத்தை எங்கே ஒட்டுவது என்று அவளே முழிப்பாள். அப்புறம் சூரியனுக்கும் பூமிக்கும் உள்ள சராசரித் தூரம், 1.496 × 10⁸ கிலோமீட்டர். அதே அடுக்குதான், ஆனால் இங்கே ஐந்து பூஜ்ஜியம் வரும்: 14,96,00,000. இரண்டையும் அடுத்தடுத்து எழுத வைத்தால் போதும்.

அடுக்கில் கழித்தல் குறி வந்தால் புள்ளி இடப்பக்கம் போகும், அவ்வளவுதான். ஹைட்ரஜன் அணு எவ்வளவு பெரியது என்று காட்டும் ‘போர் ஆரம்’ (போர் என்பது ஒரு விஞ்ஞானியின் பெயர்) 5.29 × 10⁻¹¹ மீட்டர். விரித்தால் 0.0000000000529. புள்ளிக்குப் பின் பத்து பூஜ்ஜியம்தான் இருக்கிறது, பதினொன்று எங்கே என்று கேட்பாள். புள்ளிக்கு முன்னால் நிற்பதையும் சேர்த்து எண்ணச் சொல், சரியாக வரும். இன்னொன்று, அடுக்கில் கழித்தல் குறி இருப்பதால் எண்ணே குறை எண்ணாகிவிடாது. 3 × 10⁻⁴ என்பது 0.0003. −3 × 10⁴ என்பதுதான் −30,000.

இதையெல்லாம் எழுதும்போதே எனக்கு வேறொன்று ஓடிக்கொண்டிருந்தது. பூமியின் நிறை 5.97 × 10²⁴ கிலோகிராம். முழுசாக எழுதினால் 5970000000000000000000000. 597-க்குப் பின் இருபத்திரண்டு பூஜ்ஜியம். ஆனால் அவற்றில் எதையும் யாரும் அளந்து பார்த்து ‘இங்கே பூஜ்ஜியம்தான் இருக்கிறது’ என்று சொல்லவில்லை. இடத்தை நிரப்ப வந்தவை. அவகாட்ரோ எண்ணை எடுத்துக்கொள், வேதியியலில் பொருளின் அளவைச் சொல்லும் ‘மோல்’ என்ற அலகு ஒன்றில் எத்தனை துகள்கள் என்ற கணக்கு, 6.02214076 × 10²³. விரித்தால் 602214076000000000000000. கடைசியில் பதினைந்து பூஜ்ஜியம், பதினைந்தும் நிஜப் பூஜ்ஜியம். 2019-இல் மோலுக்குப் புது வரையறை கொடுத்தபோது இந்த எண்ணைத் துல்லியமானது என்றே நிர்ணயித்துவிட்டார்கள். தாளில் பார்த்தால் அந்தப் பூஜ்ஜியமும் இந்தப் பூஜ்ஜியமும் ஒன்றுபோலவே இருக்கின்றன. 1.5 × 10³ என்றும் 1.50 × 10³ என்றும் இரண்டு அளவீடு வந்தால், இரண்டாவது ஆள் இன்னும் நுணுக்கமாக அளந்திருக்கிறார் என்று தெரியும். 1500 என்று விரித்ததும் அந்தத் தகவல் காணாமல் போகிறது. மாற்றக் கற்றுக்கொடுக்கிற பாடப்புத்தகங்கள் இதையும் நாலு வரி சொன்னால் என்ன என்று தோன்றுகிறது.

உன் எக்செல் பிரச்சினையும் இதே சங்கதிதான். பன்னிரண்டு இலக்க எண்ணை அடித்தால் 4.56789E+11 என்று காட்டுகிறது என்றாயே, அந்த E-க்குப் பின் வருவது பத்தின் அடுக்கு. பயப்படாதே, கட்டத்துக்குள் முழு எண்ணும் பத்திரமாக இருக்கிறது. வடிவமைப்பை ‘நம்பர்’ என்று மாற்றி, தசம இடத்தைப் பூஜ்ஜியமாக வைத்தால் எல்லா இலக்கமும் வெளியே வந்துவிடும். ஆனால் வடிவமைப்பை மாற்றாமல் அப்படியே சிஎஸ்வி ஃபைலாக (வெறும் எழுத்தாக, காற்புள்ளி போட்டுப் பிரித்து வைக்கும் ஃபைல்) சேமித்துவிடாதே. கண்ணுக்குத் தெரிவதைத்தான் அது எழுதி வைக்கும். திரும்பத் திறந்தால் 456789000000 என்று நிற்கும், கடைசி ஆறு இலக்கம் போனது போனதுதான். பதினாறு இலக்க எண் என்றால் அடிக்கும்போதே ஆபத்து. எக்செல் பதினைந்து இலக்கத்துக்கு மேல் வைத்துக்கொள்ளாது, பதினாறாவது பூஜ்ஜியமாகிவிடும். கூட்டிக் கழிக்கப் போகாத எண்ணை, அடிப்பதற்கு முன்பே அந்தப் பத்தியை ‘டெக்ஸ்ட்’ ஆக்கிவிட்டு அடி.

ஒளியின் வேகத்தைப் பார்த்துப் பேத்தி என்ன சொன்னாள் என்று எழுது. முட்டிக்குப் போட்ட பட்டையை இன்னும் கொஞ்ச நாள் கழற்றாமல் இரு.

அன்புடன்,
உன் பழைய பெஞ்ச்காரன்