இறந்தவர் பேர்ல நோட்டீஸா?

ஆசிரியர் ஐயாவுக்கு வணக்கம். மேலூர் பக்கம் ரோடு வேலை, கண்மாய் மடை வேலைனு கான்ட்ராக்ட் எடுத்துப் பாத்த எங்க மாமா இறந்து ரெண்டு வருஷமாச்சு, டெத் சர்டிபிகேட் குடுத்து ஜிஎஸ்டி நம்பரையும் கேன்சல் பண்ணியாச்சு, அப்புறமும் அவர் பேர்லயே ஜிஎஸ்டி போர்ட்டல்ல, அதாவது அவங்க வெப்சைட்ல, நோட்டீஸ் போட்டு, பதில் வரலன்னு அபராதத்தோட ஆர்டரும் போட்டுட்டாங்க. அத்தைக்கு போர்ட்டல்னா என்னன்னே தெரியாது, பேங்க் அக்கவுண்டை முடக்குனப்பதான் விஷயமே தெரிஞ்சு ஒத்தக்கடை ஹைகோர்ட் கிளைக்கு வக்கீலத் தேடி அலையிறாங்க. இறந்தவர் பேருக்கு அனுப்புன நோட்டீஸ் செல்லாதுன்னு சென்னை ஹைகோர்ட் 2018லயே ஒரு வருமான வரி கேஸ்ல சொல்லிருச்சு. வரி பாக்கியே கேக்கக்கூடாதுன்னு நான் சொல்லல, ஜிஎஸ்டி சட்டம் 93வது பிரிவுப்படி வாரிசுகிட்ட கேக்கலாம், தொழில் நின்னு போயிருந்தா அவர் விட்டுட்டுப் போன சொத்து அளவுக்குத்தான். ஆனா வாரிசு பேர்லயே நோட்டீஸ் குடுத்து, அவங்க சொல்றதக் கேட்டுட்டுத்தான ஆர்டர் போடணும்? அதிகாரிங்க தயவுசெஞ்சு இந்த ஆர்டரை ரத்து பண்ணுங்க.

- ஒரு வாசகர், மேலூர்