ரேசிமிக் என்றால் கலப்படமா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

கும்பகோணம் பக்கத்தில் இருபத்திரண்டு வருடமாக மெடிக்கல் வைத்திருக்கிறேன். போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் மருத்துவப் பக்கத்தில் ஒவ்வாமை மாத்திரைகளைப் பற்றி ஒரு கட்டுரை வந்தது. மோசமான கட்டுரை என்று சொல்லமாட்டேன், தும்மல், தூசி, மூக்கொழுகல் எல்லாம் ஒழுங்காகத்தான் எழுதியிருந்தது. ஆனால் நடுவில் ஒரு வரி, செடிரிசின் ஒரு “ரேசிமிக், அதாவது கலப்பட” மருந்து என்றும் லெவோசெடிரிசின்தான் அதன் சுத்தமான வடிவம் என்றும் போகிறபோக்கில் சொல்லிவிட்டுப் போகிறது. அந்த ஒரு வரியால் திங்கட்கிழமை காலையில் நான் பட்ட பாட்டைச் சொன்னால்தான் இந்தக் கடிதம் ஏன் இவ்வளவு நீளம் என்று உங்களுக்குப் புரியும்.

கடை திறந்து அரை மணி நேரம்கூட ஆகவில்லை. பத்து வருடமாக என்னிடம் மாத்திரை வாங்குகிற ஒரு பெரியவர், ஓய்வுபெற்ற தபால்காரர், பேப்பரைக் கத்தரித்துக் கையில் வைத்துக்கொண்டு வந்து நின்றார். “ஏன் தம்பி, பேப்பர்லயே கலப்படம்னு போட்டுட்டான், நீ இன்னும் அதையே குடுத்துக்கிட்டு இருக்கியே?” என்றார். பின்னால் நாலு பேர் நிற்கிறார்கள். “இல்லைங்க ஐயா, அது வேற” என்றேன். “வேறன்னா என்ன, சொல்லேன்” என்றார். நான் பாதி சொல்வதற்குள் பின்னால் நின்ற ஒரு அம்மா, தன் பையனுக்குப் போன வாரம் வாங்கிய அட்டையைத் திருப்பி எடுத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டார்.

கலப்படம் என்ற சொல்லுக்கு நம் ஊரில் ஒரே அர்த்தம்தான். மிளகில் பப்பாளி விதை, மிளகாய்த்தூளில் செங்கல்பொடி, பாலில் தண்ணீர். மருந்துக் கடைக்காரனுக்கோ அது இன்னும் பெரிய சொல். மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருள்கள் சட்டம் என்று 1940-இல் வந்த ஒன்று இருக்கிறது, அதன்படி கலப்பட மருந்து விற்றால் ஜெயில். அந்தச் சொல்லைத் தூக்கி ரேசிமிக் என்பதற்குப் பக்கத்தில் வைக்கலாமா?

பெரியவருக்கு நான் கடைசியில் செருப்பை வைத்துத்தான் விளக்கினேன். திருவலஞ்சுழி கோயில் வாசலில் கூட்ட நாளில் கிடக்கும் செருப்புக் குவியலை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரே கம்பெனி, ஒரே அளவு, ஒரே தோல் என்றே வைத்துக்கொள்வோம். எண்ணிப் பார்த்தால் இடது எவ்வளவோ வலதும் அவ்வளவே இருக்கும். அதில் வேறு பொருள் எதுவும் கலக்கவில்லை. ஆனாலும் இடது செருப்பை வலது காலில் மாட்ட முடியாது, எப்படித் திருப்பினாலும் முடியாது, ஏனென்றால் ஒன்று மற்றதன் கண்ணாடிப் பிம்பம். செடிரிசின் மூலக்கூறும் அப்படித்தான், இடது ஒன்று, வலது ஒன்று. இரண்டும் சரிபாதியாக இருந்தால் அதன் பெயர் ரேசிமிக். அவ்வளவுதான் விஷயம்.

மூலக்கூறுக்கு இடது வலது எங்கிருந்து வந்தது என்று கேட்டால், பெரும்பாலும் ஒரு கார்பன் அணுதான் காரணம். அதன் நான்கு கைகளிலும் நான்கு வேறுவேறு தொகுதிகள் இருந்தால் இரண்டு விதமாக அடுக்கலாம், ஒன்று மற்றதன் மேல் பொருந்தாது. செடிரிசினில் அப்படி ஒரே ஒரு கார்பன் இருக்கிறது. அதன் இரண்டு கைகளில் இரண்டு பென்சீன் வளையங்கள், அதில் ஒன்றில் மட்டும் ஒரு குளோரின். அந்தக் குளோரினை எடுத்துவிட்டால் இரண்டு வளையங்களும் ஒன்றாகிவிடும், இடதும் கிடையாது வலதும் கிடையாது, இந்தக் கடிதமும் கிடையாது!

சாதாரண முறையில் இதைத் தயாரித்தால் இரண்டும் சமமாகத்தான் வரும். கார்பனுக்கு எந்தப் பக்கமாக வந்து ஒட்டினாலும் செலவாகும் ஆற்றல் ஒன்றே, ஒரு பக்கத்தை விரும்பக் காரணமே இல்லை. செடி கொடியின் கதை வேறு. அவற்றின் நொதிகளுக்கே ஒரு கைப்பழக்கம் உண்டு. பூனைக்காலி விதையில் இருக்கும் எல்-டோப்பா ஒரு கை மட்டும்தான், அதாவது இடது வலது இரண்டில் ஒன்று மட்டும், புளியில் இருக்கும் டார்டாரிக் அமிலமும் ஒரு கைதான். புதினா வாசனையும் சதகுப்பை வாசனையும் நமக்கு வேறுவேறாகத் தெரிகின்றன, ஆனால் இரண்டிலும் இருப்பது கார்வோன் என்ற ஒரே பொருள், இதில் ஒரு கை, அதில் மறு கை. மூக்குக்கே வித்தியாசம் தெரிகிறது என்றால் உடம்புக்குள் மருந்து போய் ஒட்டும் இடங்களான ஏற்பிகளுக்குத் தெரியாமலா போகும்?

புளியைச் சொன்னதால் அப்படியே அந்தப் பெயரின் கதைக்கும் போய்விடலாம். ரேசிமஸ் என்றால் லத்தீனில் திராட்சைக் குலை. பெயரில் கலப்பு என்ற பொருளே கிடையாது. பிரான்சில் அல்சாஸ் பகுதியில் ‘தான்’ (Thann) என்று ஓர் ஊர், அங்கே ஒயின் கசடிலிருந்து டார்டாரிக் அமிலம் எடுத்துக்கொண்டிருந்த கெஸ்ட்னர் என்பவருக்கு 1820 வாக்கில் அதே கூறுகள் கொண்ட இன்னோர் அமிலமும் கிடைத்தது. திராட்சையிலிருந்து வந்ததால் பிறகு அதற்கு ரேசிமிக் அமிலம் என்று பெயர். வினோதம் என்னவென்றால், டார்டாரிக் அமிலக் கரைசலில் முனைவுற்ற ஒளியை, அதாவது ஒரே தளத்தில் மட்டும் அதிரும் ஒளியைச் செலுத்தினால் ஒளியின் தளம் வலப்பக்கம் திரும்புகிறது, இந்த ரேசிமிக் அமிலத்தில் செலுத்தினால் துளியும் திரும்பவில்லை. ஏன் என்று 1848-இல் கண்டுபிடித்தவர் லூயி பாஸ்டர், அப்போது அவருக்கு 25 வயது. அந்த அமிலத்தின் சோடியம் அமோனியம் உப்பைப் படிகமாக்கி, லென்ஸ் வைத்துப் பார்த்து, முகப்பு வலப்பக்கம் சாய்ந்தவை ஒரு குவியல், இடப்பக்கம் சாய்ந்தவை ஒரு குவியல் என்று சிறு இடுக்கியால் பொறுக்கினார், நம் வீட்டில் அரிசியில் கல் பொறுக்குவது மாதிரி. ஒரு குவியலைக் கரைத்தால் ஒளி வலப்பக்கம் திரும்பியது, மற்றதைக் கரைத்தால் இடப்பக்கம். சம அளவில் சேர்த்தால் பூஜ்யம். ஒளி திரும்புவதையே ஆராய்ந்து வந்த எழுபது தாண்டிய பியோ இதை நம்பவில்லை, தன் கண் முன்னால் மறுபடி செய்துகாட்டச் சொன்னார், செய்துகாட்டினார் பாஸ்டர். அந்த உப்பு சுமார் 27 டிகிரிக்குக் கீழே குளிர்ந்தால்தான் இப்படி இரண்டு குவியலாகப் படியும். எங்கள் ஊர் சித்திரை வெயிலில் ஏசி இல்லாமல் அவர் செய்திருந்தால் ஒன்றும் நடந்திருக்காது.

சரி, தமிழில் என்ன எழுதுவது? நம் பள்ளிப் பாடப்புத்தகத்திலேயே இருக்கிறது, சுழிமாய்க் கலவை. வலஞ்சுழியும் இடஞ்சுழியும் ஒன்றையொன்று அடித்துவிட்டு, சுழியே மாய்ந்துபோன கலவை. எனக்குப் பிடித்த சொல். அதில் ஒரு சின்ன ஓட்டை மட்டும் உண்டு. டார்டாரிக் அமிலத்திலேயே மீசோ என்று மூன்றாவது ஒன்று இருக்கிறது, அதுவும் ஒளியைத் திருப்பாது. ஆனால் அது கலவையே அல்ல, ஒரே மூலக்கூறின் இரண்டு பாதிகளும் தமக்குள்ளேயே ஒன்றையொன்று சமன்செய்துகொள்கின்றன. சுழி மாய்ந்ததெல்லாம் ரேசிமிக் என்று யாராவது நினைத்துவிட்டால் தப்பு. அதனால் கட்டுரையில் சுழிமாய்க் கலவை என்று எழுதி, கூடவே “இடமும் வலமும் சரிபாதி” என்று மூன்று வார்த்தை சேர்த்தால் போதும். அல்லது ரேசிமிக் என்றே எழுதுங்கள், யாரும் கோபித்துக்கொள்ளமாட்டார்கள்.

“சுத்தமான வடிவம்” என்ற பாதிக்கும் எனக்குச் சண்டை உண்டு. பத்து மில்லிகிராம் செடிரிசினில் ஐந்து இடது, ஐந்து வலது. லெவோசெடிரிசின் மாத்திரை ஐந்து மில்லிகிராமில் வருவது அதனால்தான், வேலை செய்கிற பாதியை மட்டும் எடுத்துக் கொடுக்கிறார்கள். பெரியவர் அதை “டபுள் பவர்” என்று நினைத்திருந்தார், ரத்த அழுத்தத்துக்கு அம்லோடிபின் 5 சாப்பிடுகிறவர்களும் எஸ்-அம்லோடிபின் 2.5 அட்டையைப் பார்த்துவிட்டு, டோஸைக் குறைத்துவிட்டாரா டாக்டர் என்று கேட்பார்கள். குறைக்கவில்லை, மற்ற கையைக் கழித்துவிட்டார்கள். இதைத் தெரிந்துகொண்டு யாரும் தானாகவே ஒன்றை விட்டு மற்றதற்கு மாறிவிடவும் வேண்டாம், அது டாக்டரிடம் கேட்க வேண்டிய விஷயம்.

எல்லா மருந்திலும் ஒரு கையைப் பிரித்தால் பெரிய லாபம் வந்துவிடும் என்றும் இல்லை. ஐபுப்ரோஃபென் இன்றும் ரேசிமிக்காகத்தான் அதிகம் விற்கிறது. அதில் எஸ் என்று பெயரிட்ட கைதான் வலியைக் குறைப்பது, ஆனால் மற்ற கையில் கணிசமான பகுதியை நம் உடம்பே எஸ்ஸாக மாற்றிக்கொள்கிறது. வயிற்று அமிலத்தைக் குறைக்கும் ஒமெப்ரசோலில் கதை இன்னும் தமாஷ். அங்கே இடது வலது கார்பனில் இல்லை, கந்தகத்தில் இருக்கிறது. வயிற்றின் அமிலச் சுரப்பிக்குள் போய் வேலை செய்யும் வடிவமாக மாறும்போது இரண்டு கைகளுக்கும் அந்த வித்தியாசமே மறைந்துவிடுகிறது. இசோமெப்ரசோல் என்று ஒரு கையைத் தனியே விற்பதற்கு, கல்லீரல் அதை மெதுவாக அழிக்கிறது என்பதுதான் காரணம். எதிர்ப்பக்கமும் இருக்கிறது. வறட்டு இருமல் சிரப்பில் வரும் டெக்ஸ்ட்ரோமெத்தார்ஃபனின் கண்ணாடிப் பிம்பம் லெவோமெத்தார்ஃபன், அது அபின் வகையைச் சேர்ந்த வலுவான மருந்து. அங்கே கை மாறினால் விளையாட்டில்லை.

அப்புறம், லெவோ என்றால் இடது கை, எஸ் என்றாலும் இடது கை, இரண்டும் ஒன்றுதான் என்று எழுதிவிடாதீர்கள், அதுவும் வரப்போகிறது என்று எனக்குப் பயம். லெவோ என்பது ஒளி எந்தப் பக்கம் திரும்புகிறது என்று அளந்து பார்த்துச் சொல்வது. ஆர், எஸ் என்பவை அணுக்கள் அடுக்கப்பட்டிருக்கும் வரிசையைப் பார்த்து வைக்கும் பெயர், கான், இங்கோல்டு, பிரெலாக் என்ற மூன்று பேர் வகுத்த விதி. இரண்டுக்கும் சம்பந்தம் கிடையாது. லெவோஃப்ளாக்ஸசின் என்ற நுண்ணுயிர்க்கொல்லி எஸ் வகை, லெவோசெடிரிசின் ஆர் வகை. இரண்டும் ஒளியை இடப்பக்கம்தான் திருப்புகின்றன.

இந்த மாதிரிக் கட்டுரைகளில் கடைசியில் தாலிடோமைடு வராமல் போகாது, உங்கள் கட்டுரையிலும் வந்தது. 1957-இல் மேற்கு ஜெர்மனியில் விற்பனைக்கு வந்து, கர்ப்பிணிகள் சாப்பிட்டு, பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட குழந்தைகள் கை கால் வளராமலும் வேறு குறைகளோடும் பிறந்து, 1961 கடைசியில் நிறுத்தப்பட்ட மருந்து. அது ரேசிமிக்காக விற்றது உண்மை. ஆனால் “நல்ல கையை மட்டும் கொடுத்திருந்தால் ஒன்றும் ஆகியிருக்காது” என்பது பாதிக் கதை. உடம்புக்குள் போனதும் சில மணி நேரத்தில் ஒரு கை மற்ற கையாக மாறிக்கொள்ளும், எதைக் கொடுத்தாலும் கொஞ்ச நேரத்தில் இரண்டும் இருக்கும். அந்தப் பழியை ரேசிமிக் என்ற சொல்லின் தலையில் போடுவது நியாயமில்லை. கர்ப்பிணிகளுக்குக் கொடுக்கும் முன் கருவுக்கு என்ன ஆகும் என்று சோதித்துப் பார்க்காததுதான் அங்கே நடந்த குற்றம்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த ஞாயிறு அதே மருத்துவப் பக்கத்தில், மூலையில் என்றாலும் பரவாயில்லை, “ரேசிமிக் என்பது கலப்படம் அல்ல, ஒரே பொருளின் இரண்டு கண்ணாடிப் பிம்பங்கள் சரிபாதியாக இருப்பது” என்று ஒரு திருத்தம் போடுங்கள். பெரியவர் என் செருப்புக் கதையைக் கேட்டுவிட்டு மாத்திரையை வாங்கிக்கொண்டார், ஆனால் கத்தரித்த பேப்பரை என் மேஜையிலேயே வைத்துவிட்டு, “அவங்களே எழுதட்டும், அப்ப நம்பறேன்” என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அந்த அம்மாவின் அட்டையை நான் திருப்பி எடுத்துக்கொண்டேன், இருபத்தாறு ரூபாய் நஷ்டம்.

இப்படிக்கு,
ஒரு மருந்துக் கடைக்காரர்,
கும்பகோணம் வட்டம்.