பாதாளச் சுவடியகத்துக்குக் கதவுதான் எல்லாம்

ஆர்.கே. புரம்,
புது தில்லி

அன்புள்ள மலர்,

உன் கடிதமும் கூடவே அனுப்பியிருந்த உன் கதையின் மூன்று அத்தியாயங்களும் கிடைத்தன. அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் நிம்மதி. சொட்டு மருந்தை நேரம் தவறாமல் விட்டு வா. இங்கே எல்லாரும் சௌக்கியம். மழை பிடித்துக்கொண்டுவிட்டது, துவைத்த துணி இரண்டு நாளாகியும் காய்வதில்லை.

உன் கதையில் இறக்கிறவர்களின் நினைவைக் கண்ணாடிச் சிமிழில் இறக்கி, அது யாருடையது, எப்படித் திறப்பது என்று ஓலையில் எழுதி, மலைக்கு அடியில் இருக்கும் சுவடியகக் கூடத்தில் அடுக்குகிறார்கள். இந்தக் கற்பனை எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது. ஆனால் காவலர்கள் ஆடி மாதம் முழுக்கக் கதவைத் திறந்து கூடத்தைக் காற்றாட விடுகிறார்கள் என்று எழுதியிருக்கிறாயே, அதை மட்டும் மாற்றிவிடு. அந்த ஒரு வழக்கமே ஓலைகளை அழித்துவிடும்.

கணக்கைப் பார். நிலத்துக்குள் பத்து மீட்டர் இறங்கிவிட்டால் கோடையும் தெரியாது, குளிரும் தெரியாது. ஊரின் வருஷச் சராசரி வெப்பம்தான் எப்போதும் இருக்கும். தில்லி மாதிரி ஊருக்கு அது சுமார் 25 டிகிரி. ஆடியில் வெளிக்காற்று 32 டிகிரி, ஈரப்பதம் 80 சதவீதம் என்று வைத்துக்கொள். ஒவ்வொரு கன மீட்டர் காற்றும் 27 கிராம் நீராவியோடு உள்ளே வரும். 25 டிகிரிக்குக் குளிர்ந்ததும் அதனால் 23 கிராமுக்கு மேல் தாங்க முடியாது. மீதி 4 கிராம் சுவரில் வியர்க்கும். உன் கூடம் 20 மீட்டர் நீளம், 10 மீட்டர் அகலம், 5 மீட்டர் உயரம். காற்று ஒருமுறை முழுசாக மாறினாலே 4 லிட்டர் தண்ணீர் உள்ளே வந்துவிடுகிறது. வியர்த்த பிறகும் காற்று முழு ஈரத்திலேயே நிற்கும். 70 சதவீதத்தைத் தாண்டினாலே பூஞ்சணம் பிடித்துவிடும், ஏட்டைத் தின்னும் ராமபாணப் பூச்சிக்கும் அந்த ஈரம்தான் வேண்டும்.

தை மாத இரவு இதற்கு நேர்மாறு. 8 டிகிரி, 90 சதவீதம் என்றால் ஈரமாகத்தான் தோன்றும். ஆனால் அந்தக் காற்றில் கன மீட்டருக்கு ஏழரை கிராம் நீராவிதான் இருக்கிறது. உள்ளே போய் 25 டிகிரிக்குச் சூடேறியதும் ஈரப்பதம் சுமார் 30 சதவீதத்துக்கு இறங்கிவிடும். ஆகவே கதவு திறக்கும் திருநாளை மார்கழி, தைக்கு மாற்று. அதுவும் இரவில், சில மணி நேரம் மட்டும். அதிகம் காய்ந்தால் ஓலை முறுகி நரம்போடு பிளக்கும்.

எப்போது மூடுவது என்று காவலருக்குத் தெரிய ஒரு கருவி வேண்டும். அதற்கு மனுஷ முடி போதும். எண்ணெய்ப் பசை போகக் கழுவிய நீளமான முடியை மேலே கட்டி, கீழ் நுனியில் சின்ன எடையும் ஒரு முள்ளும் தொங்கவிட வேண்டும். ஈரத்தில் முடி நீளும், காய்ந்தால் சுருங்கும். முழு வறட்சிக்கும் முழு ஈரத்துக்கும் நடுவே ஒரு மீட்டர் முடியில் சுமார் 2 சென்டிமீட்டர் வித்தியாசம் வரும். முதல் காவலாளியின் கூந்தலையே அதற்கு வைக்கலாம், உன் உலகத்துக்குப் பொருந்தும்.

நடுவில் ஈரம் ஏறிவிட்டால் நீற்றாத சுண்ணாம்பு வை. ஒரு கிலோ சுமார் 320 கிராம் தண்ணீரை வாங்கிக்கொள்ளும், அந்த 4 லிட்டருக்குப் பன்னிரண்டரை கிலோ பிடிக்கும். ஈரத்தை வாங்க வாங்கச் சூடாகி, இரண்டு மடங்குக்கு மேல் வீங்கும். பானையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் போட்டால் பானை வெடிக்கலாம். தூள் பறந்து ஓலையில் படாமல் மேலே துணி கட்ட வேண்டும்.

எண்ணெய் விளக்கு உள்ளே கூடவே கூடாது. கரி ஒருபக்கம் இருக்கட்டும், ஒரு கிலோ எண்ணெய் எரிந்தால் ஒரு கிலோவுக்கும் மேல் நீராவி வரும். மூச்சும் அப்படித்தான். பிரான்ஸில் ஆதிமனிதர்களின் ஓவியங்கள் இருக்கும் லாஸ்கோ குகையை 1948இல் மக்களுக்குத் திறந்தார்கள். வந்தவர்களின் மூச்சாலும் ஈரத்தாலும் ஓவியங்களில் பாசி படர ஆரம்பித்து, 1963இல் மூட வேண்டியதாயிற்று. கூடத்துக்கு முன்னால் ஓர் இடைகழி வைத்து இரண்டு கதவு போடு. ஒன்றை மூடாமல் மற்றது திறக்கக் கூடாது.

சிமிழை மூடுவதிலும் ஒரு விஷயம் விட்டுப்போயிருக்கிறது. ஜெர்மனியில் ஓபர்ரீட் பக்கத்துப் பழைய வெள்ளிச் சுரங்கத்தில் 1975 முதல் நாட்டின் ஆவணங்களை மைக்ரோஃபிலிமாக, அதாவது பக்கங்களைச் சின்னதாகப் படம்பிடித்த ஃபிலிம் சுருளாக, சேமித்து வருகிறார்கள். சுரங்கத்தின் ஈரத்தோடு அவர்கள் மல்லுக்கு நிற்கவில்லை. ஃபிலிமை 35 சதவீத ஈரப்பதத்துக்குப் பதப்படுத்தி, அதன் பிறகே எஃகுப் பீப்பாயில் வைத்துக் காற்றுப் புகாமல் மூடுகிறார்கள். ஈரத்தோடு அரக்கு வைத்தால் ஈரமும் உள்ளேயே சிறைப்படும். உன் காவலர்களும் முதலில் காயவைக்கட்டும், பிறகு அரக்கு வைக்கட்டும்.

ஓலைக்கு எலுமிச்சைப்புல் எண்ணெய் தடவுவதைச் சரியாக எழுதியிருக்கிறாய். கயிற்றை இறுக்கிக் கட்டினால் துளை கிழியும், தளர்ந்தால் ஓலை வளையும், அதையும் சேர். ஆனால் சிமிழ்களின் மொத்தப் பட்டியலை ஓலையில் வைக்காதே. சுட்ட களிமண் பலகையில் எழுதச் சொல். கி.மு. 612இல் பழைய அசீரியர்களின் தலைநகரான நினிவே எரிந்தபோது அங்கிருந்த நூலகத்தின் களிமண் பலகைகள் வெந்து இன்னும் கெட்டியாகின. மரத்திலும் தோலிலும் எழுதியவை போய்விட்டன.

பட்டியலுக்கு மூன்று பிரதி வேண்டும், அவை மூன்று வெவ்வேறு ஆட்களிடம் இருக்க வேண்டும். நம் தில்லிச் செங்கோட்டையில் 1973 ஆகஸ்ட் 15 அன்று இந்திரா காந்தியின் அரசு, வருங்காலத்தவர் திறந்து பார்க்க என்று ஒரு காலப் பேழையைப் புதைத்தது. உள்ளே வைத்த சரித்திரம் யார் பார்வையில் எழுதியது என்று சர்ச்சை கிளம்பி, 1977இல் அடுத்து வந்த அரசு தோண்டி எடுத்துவிட்டது. பூஞ்சணமோ பூச்சியோ அதைத் தொட நேரமே கிடைக்கவில்லை. உன் ராணி மாறினால் சுவடியகம் யார் பொறுப்பு? அடுத்த அத்தியாயத்தில் இதற்கு நீ பதில் சொல்லியாக வேண்டும்.

அதை அனுப்பும்போது கூடத்தின் வரைபடத்தையும் சேர்த்து அனுப்பு. வாசல் எந்தப் பக்கம், சுனை தரைக்கு எத்தனை அடி கீழே என்று தெரிந்தால், தண்ணீர் எந்த வழியாக ஏறும், வடிகால் எங்கே வெட்டலாம் என்று குறித்து அனுப்புகிறேன். வீட்டில் எல்லாரையும் கேட்டதாகச் சொல்.

அன்புடன்,
கோமதி