முடிச்சை அவிழ்த்த அக்காவுக்கு

அம்மை வீடு திரும்பி மூன்று நாள் ஆகிறது. திண்ணையில் உட்கார்ந்து மரச்சீனித் தொலி உரிக்கிறார். அவரைப் பார்த்துக்கொண்டேதான் இதை எழுதுகிறேன்.

அம்மையை அறுவை சிகிச்சைக்காக மலையிலிருந்து இறக்கிக் கொண்டுபோன கதை மலையில் எல்லோருக்கும் தெரியும். கம்பளியில் கட்டித் தூக்கிய பையன்களுக்கும், இருட்டில் பேச்சிப்பாறை அணையைக் கடக்க வள்ளம் எடுத்தவருக்கும், கூலி பேசாத ஜீப்காரருக்கும், ஆசாரிப்பள்ளம் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் இரத்தம் தந்த முகமறியாத மாணவர்களுக்கும், விடிய விடிய நின்ற மருத்துவர்களுக்கும் காணிப் பழங்குடியினரான எங்கள் குடி முழுவதும் கைகூப்புகிறது.

ஆனால் மனம் திரும்பத் திரும்ப அறுவை சிகிச்சை அறை வாசலில் நின்ற செவிலியர் அக்காவிடமே போகிறது. உங்கள் பெயரைக்கூடக் கேட்காமல் வந்துவிட்டேன்.

அம்மையின் மணிக்கட்டில் எங்கள் குடியின் மந்திர வைத்தியரான பிலாத்தி ஓதிக் கட்டிய கயிறு இருந்தது. கழற்ற வேண்டும் என்றதும் கையை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டார். முன்பு வேறோர் இடத்தில் இப்படியொரு கயிற்றைக் கேட்காமலே கத்தரித்துக் குப்பையில் போட்டார்கள். "காட்டிலிருந்து வந்தால் இப்படித்தான்" என்றார்கள். அதன்பிறகு அம்மை காய்ச்சலுக்குக்கூட மலையிறங்கியதில்லை. இந்த முறை இவ்வளவு தாமதமானதற்கு அதுவும் ஒரு காரணம், அக்கா.

நீங்கள் கத்தரிக்கோலைக் கீழே வைத்தீர்கள். வியர்வையில் நனைந்து இறுகியிருந்த முடிச்சை நகத்தால் நெம்பி, சுற்றுச் சுற்றாக அவிழ்த்தீர்கள். "வெளியே வந்ததும் நானே கட்டிவிடுகிறேன் அம்மா" என்றீர்கள். மறுநாள் காலை வந்து கட்டியும் விட்டீர்கள்.

மலைப்பகுதியில் 20,000 பேருக்கு ஓர் ஆரம்ப சுகாதார நிலையம் என்பது அரசின் அளவுகோல். 2011 கணக்கெடுப்பில் குமரி மாவட்டப் பழங்குடியினர் அனைவரையும் கூட்டினாலும் 8,000 வரவில்லை. தலையை எண்ணிக்கொண்டிருந்தால் எங்கள் முறை எப்போது வரும்? நடக்கிற தூரத்தை எண்ணுங்கள் என்று கேட்டுக்கொண்டே இருப்பேன். ஆரோக்கியப்பச்சை என்ற மூலிகையை அறிவியலாளர்களுக்குக் காட்டித்தந்தவர்கள் கேரளத்து மலையில் வாழும் எங்கள் காணி மக்கள். அதிலிருந்து 'ஜீவனி' என்ற மருந்தே வந்தது. அந்த இனத்துப் பெண் ஒருத்தி மருத்துவமனை வாசலில் தன் கையை முந்தானைக்குள் மறைத்து நிற்பதை என்னால் பொறுக்க முடியவில்லை.

இனி எங்கள் குடியிலிருந்து யார் சிகிச்சைக்கு இறங்கினாலும் உடன் நான் வருவேன். சீட்டு எடுப்பேன், வரிசையில் நிற்பேன், அவர்கள் சொல்லக் கூசுவதை மருத்துவரிடம் எடுத்துச் சொல்வேன். அம்மை முன்னால் வாக்குக் கொடுத்துவிட்டேன்.

நல்லமிளகு காய்ந்ததும் வருகிறோம் அக்கா. உங்களுக்கென்று தனிப் பாயில் உலர்த்தச் சொல்லியிருக்கிறார் அம்மை.