யாழ். மாவட்ட ஒருங்கிணைப்புக் குழுவுக்கு: கைதுக் கணக்கோடு ஊசிக் கணக்கையும் கேளுங்கள்

யாழ். மாவட்ட ஒருங்கிணைப்புக் குழுவில் இருக்கும் அமைச்சர், பாராளுமன்ற உறுப்பினர்கள், அரசாங்க அதிபர், பொலிஸ், கடற்படை, சுகாதார அதிகாரிகள் எல்லோருக்கும் வணக்கம்.

நான் யாழ்ப்பாணம் ரவுணுக்குள் ஒரு பாமசியில் பதினொரு வருடமாக வேலை செய்கிறேன். எந்தக் கட்சிக்காரனும் இல்லை. எத்தனை கிலோ கேரள கஞ்சா பிடிபட்டது, எத்தனை பேர் கைது என்று உங்கள் கூட்டங்களில் வாசிக்கிறார்கள், அடுத்த நாள் பேப்பரில் வருகிறது. போதைப்பொருளை உடம்பில் ஏற்ற ஊசி கேட்டு எங்கள் கவுண்டருக்கு முன்னால் வந்து நிற்கிறவர்களைப் பற்றி அங்கே யாரும் பேசியதாக நான் வாசிக்கவில்லை, அதனால் எழுதுகிறேன்.

இரவு எட்டு மணிக்குப் பிறகுதான் வருவார்கள். "அண்ணை, ஒரு மில்லி ஊசி ரெண்டு தாங்கோ, அம்மாக்கு இன்சுலின் போட." அம்மாவுக்கு எத்தனை யூனிற் என்று கேட்டால் நிலத்தைப் பார்ப்பார்கள். மே மாத வெக்கையிலும் நீளக்கை சேர்ட். முன்பு கொடுத்துக்கொண்டுதான் இருந்தோம். பிறகு ஒருநாள் இரண்டு பேர் வந்து, ஏன் இந்தப் பெடியளுக்கு ஊசி விற்கிறீர்கள் என்று விசாரித்துவிட்டுப் போனார்கள். அன்றோடு முதலாளி, டொக்டரின் துண்டு இல்லாமல் யாருக்கும் ஊசி கொடுக்கக்கூடாது என்றுவிட்டார். அவரைக் குறை சொல்ல மாட்டேன், அவருக்கு லைசன்ஸ் பயம்.

அதற்குப் பிறகு நடந்ததைச் சொல்கிறேன். பள்ளிக்கூட உடுப்போடு அம்மம்மாவுக்கு பிரஷர் குளிசை வாங்க வந்த காலத்திலிருந்து எனக்குத் தெரிந்த ஒரு பெடியன். ஊசி இல்லை என்றதும் கோபப்படவில்லை, சேர்ட் கையை மடித்துக் காட்டினான். முழங்கை மடிப்பில் பச்சையும் கறுப்புமாகக் கட்டிபட்டுப்போய் இருந்தது. "நாங்கள் மூண்டு பேர் அண்ணை, ஒரு ஊசிதான். முனை மழுங்கினா நெருப்புப்பெட்டியில உரசிப்போட்டுப் போடுறம்" என்றான். நான் அன்றும் கொடுக்கவில்லை. இரண்டு மாதம் கழித்து அவனுடைய தாய் வந்து, மகன் வாட்டில் இருக்கிறான், இதய வால்வில் கிருமி பிடித்துவிட்டதாம் என்று சொல்லி அழுதா. இந்த நோய்க்கு நாலு முதல் ஆறு கிழமை வரை நாளத்தில் மருந்து ஏற்ற வேண்டும். அந்த மருந்தும் கட்டிலும் அரசாங்கச் செலவு. ஊசி ஒன்று ஒரு பிளேன்ரீ விலைதான். எச்.ஐ.வி.யும் ஹெப்பற்றைற்றிஸ் சி.யும் இதே வழியாலும் பரவும். கொடுத்திருக்கலாம் என்று எனக்கு இன்றைக்கும் மனதுக்குள் அரிக்கிறது.

சரி, நீங்கள் கேட்பீர்கள், பிடிக்காமல் விடச் சொல்கிறாயா என்று. இல்லை. ஆனால் இது ஒரு வியாபாரம் என்பதை முதலில் ஒத்துக்கொள்ள வேண்டும், நானும் விற்பனைக் கவுண்டரில் நிற்பவன், அந்தக் கண்ணால்தான் பார்க்கிறேன். பிடிபடுகிறவர்களில் கனபேர் கடைசிக் கண்ணி. ஐந்து பக்கெட் எடுத்து நாலை விற்று ஒன்றைத் தான் பாவிக்கிறவன். அவனை உள்ளே போட்டால் அவனிடம் வாங்கியவர்களில் ஒருவன் அடுத்த கிழமையே அந்த இடத்துக்கு வந்துவிடுகிறான், ஏனென்றால் அவனுக்கும் காசு வேண்டும். பெரிய சுற்றிவளைப்பு நடந்தால் சில நாளைக்கு விலை ஏறும். விலை ஏறினால் பாவனை குறையும் என்று நினைக்கிறோம், அடிமைப்பட்டவனுக்கு அது குறைவதில்லை, அவன் வீட்டுத் தண்ணி மோட்டரைக் கழற்றி விற்கிறான். எங்கள் ஒழுங்கையிலேயே மூன்று மோட்டர் போய்விட்டது.

கடல் பக்கமும் அதே கணக்குத்தான். கேரள கஞ்சா என்று சொல்கிறோமே தவிர அதில் பெரும்பங்கு ஆந்திரா, ஒடிசா மலைப்பக்கம் விளைகிறது. தமிழ்நாட்டுக் கரையிலிருந்து ஓரிரவில் வடமராட்சிக்கோ தீவுப்பகுதிக்கோ வந்து சேரும் தூரம். கஞ்சா பொதி பெரிது, மணக்கும். காவல் இறுக இறுக, சின்னப் பொதியில் பெரிய காசு கிடைக்கிற பொருளுக்குத்தான் வியாபாரி மாறுவான். ஐஸ் என்கிற மெத்தம்பெற்றமினும் ஹெரோயினும் காற்சட்டைப் பையில் போய்விடும். கிலோக்கணக்கில் கஞ்சா பிடித்த படத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இதுதான் பயம். ஆப்கானிஸ்தானில் தலிபான் 2022 ஏப்ரலில், ஹெரோயின் செய்யப் பயன்படும் அபினைத் தடை செய்தது, அடுத்த வருடமே பயிர்ச்செய்கை 95 வீதம் விழுந்துவிட்டதாக ஐ.நா. போதைப்பொருள் அலுவலகம் சொன்னது. அப்படி இருந்தும் இங்கே ஹெரோயின் வழக்குகள் நிற்கவில்லை.

படகு ஓட்டப் போகிறவன் யார்? 2022 ஓகஸ்டில் மண்ணெண்ணெய் ஒரே இரவில் லீற்றர் 87 ரூபாயிலிருந்து 340 ரூபாயானது. வடக்கின் ஃபைபர் படகு எஞ்சின்கள் மண்ணெண்ணெயில் ஓடுபவை. வலையை இழுவைப் படகு அறுத்துக்கொண்டு போக, வீட்டில் நுண்கடன் காசு கேட்டு ஆள் வந்து நிற்க, ஒரு இரவு ஓடினால் கடன் முழுக்கத் தீரும் என்று ஒருவன் சொன்னால் இருபத்திரண்டு வயதுப் பெடியன் என்ன முடிவெடுப்பான்? செய்தது சரி என்று சொல்லவில்லை. அந்தக் காசைக் கொடுக்கிறவன் பெயர் மட்டும் ஏன் பேப்பரில் வருவதே இல்லை என்று கேட்கிறேன்.

சட்டம் கடுமையாகத்தான் இருக்கிறது. போதைப்பொருள் பற்றிய 1929ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தை 1984இல் திருத்தி, 2 கிராம் ஹெரோயினுக்கே மரண தண்டனை அல்லது ஆயுள் என்று வைத்தார்கள். 2022இல் ஐஸையும் சேர்த்தார்கள், அதற்கு 5 கிராம். 2 கிராம் என்றால் மூன்று நாலு பனடோல் குளிசையின் பாரம். சுத்த எடை எவ்வளவு என்று அரச பகுப்பாய்வாளரின் அறிக்கை வரவேண்டும், அதுவரை பெடியன் விளக்கமறியலில். 1976க்குப் பிறகு இந்த நாட்டில் யாரையும் தூக்கில் போடவில்லை, ஆனபடியால் மரண தண்டனை என்பது சிறைக்குள்ளேயே கிழவனாவதுதான். 2023 டிசம்பரில் பொலிசின் யுக்திய என்ற போதை ஒழிப்பு நடவடிக்கை தொடங்கியபோது ஆயிரக்கணக்கில் பிடித்தார்கள், ஏற்கெனவே கொள்ளளவைப்போல் இரண்டு மடங்குக்கும் மேல் நிரம்பியிருந்த சிறைகள் இன்னும் பிதுங்கின. உள்ளே போய்வந்தவர்கள் என்னிடம் சொல்வது, அங்கேதான் புதிய ஆட்களைப் பழகினோம் என்று.

கந்தகாட்டுப் புனர்வாழ்வு நிலையத்துக்கு அனுப்பலாமா என்று ஒவ்வொரு தாயும் கேட்கிறா. 2022 ஜூனில் அங்கே மோதல் நடந்து ஒருவர் செத்து, நூற்றுக்கணக்கானவர்கள் தப்பி ஓடினார்கள். இப்படிக் கட்டாயப்படுத்தி அடைத்து வைக்கும் நிலையங்களை மூடுங்கள் என்று ஐ.நா.வின் பன்னிரண்டு அமைப்புகள் 2012இலேயே கூட்டாகச் சொல்லிவிட்டன. மெதடோன் என்ற மருந்து 2005 முதல் உலக சுகாதார நிறுவனத்தின் அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் இருக்கிறது. ஹெரோயினுக்கு அடிமையானவர் தினமும் வைத்தியர் பார்க்க அதைக் குடித்தால் நடுக்கம் அடங்கும், வேலைக்குப் போகலாம், களவெடுக்கத் தேவையில்லை. போதைப்பொருளுக்குத் தூக்கில் போடுகிற ஈரான்கூடச் சிறைக்குள்ளேயே மெதடோன் கொடுக்கிறது. ஐஸுக்கு அப்படி ஒரு மருந்து கிடையாது, அங்கே ஆற்றுப்படுத்தல்தான், அதற்கு ஆளும் நேரமும் வேண்டும். எங்கள் ஆஸ்பத்திரிகளின் மனநலப் பிரிவில் இருக்கிற வைத்தியர்கள் தங்களால் முடிந்ததைச் செய்கிறார்கள், அவர்களிடம் ஒருவன் தானாக வந்தால் வாசலில் பொலிஸ் நிற்கக்கூடாது.

நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. கைதுக் கணக்கு வாசிக்கும் அதே கூட்டத்தில், சிகிச்சைக்குத் தானாக வந்தவர்கள் எத்தனை பேர், எத்தனை நாள் காத்திருந்தார்கள், ஊசித் தொற்றோடு வாட்டில் படுத்தவர்கள் எத்தனை பேர் என்பதையும் வாசிக்கச் சொல்லுங்கள். 2025இல் குற்றத்தால் வந்த சொத்துகளைப் பற்றி ஒரு சட்டம் நிறைவேற்றினீர்கள், அதன் கீழ் இந்த மாவட்டத்தில் எந்தக் காணி, எந்த வங்கிக் கணக்கு முடக்கப்பட்டது என்று கேளுங்கள். அப்புறம், சுத்தமான ஊசி விற்றதற்காக எந்தப் பாமசிக்காரரையும் தொந்தரவு செய்ய மாட்டோம் என்று சுகாதாரத் திணைக்களமும் பொலிசும் சேர்ந்து ஒரு கடிதம் தரட்டும். ஒரு பக்கக் கடிதம் போதும், நான் அதைக் கவுண்டருக்குப் பின்னால் ஒட்டி வைப்பேன்.

அந்தப் பெடியன் வீட்டுக்கு வந்துவிட்டான். மெலிந்துபோய் இருக்கிறான், தாய் சைக்கிளில் ஏற்றிக்கொண்டு கிளினிக் போகிறா. திரும்பப் போட்டுவிடுவானோ என்று அவ என்னிடம் கேட்டபோது எனக்குப் பதில் தெரியவில்லை. ஆனால் போட்டானென்றால் பழைய ஊசியால் போடக்கூடாது. உங்கள் அடுத்த கூட்டத்தில் இதற்கு ஐந்து நிமிடம் ஒதுக்கினால் நான் வந்து சொல்லத் தயார், முதலாளியிடம் அரைநாள் லீவு கேட்டு வைத்திருக்கிறேன்.