ஆத்தாவுக்கு டொரண்டோவிலிருந்து

சிவமயம்

டொரண்டோ,
கார்த்திகை 12

அன்புள்ள ஆத்தாவுக்கு,

உங்கள் கடிதம் வந்து மூன்று வாரமாகிறது. உடனே பதில் போடாததற்குக் கோபித்துக்கொள்ளாதீர்கள். எல்லோரும் சுகம். குளிர்தான் எலும்புவரை ஏறுகிறது. இட்லி மாவு இரண்டு நாளானாலும் பொங்குவதில்லை. புளிக்க வேண்டாத வெள்ளைப் பணியாரம்தான் கைகொடுக்கிறது.

அண்ணன் மகன் போன் இல்லாமல் சாப்பிடுவதில்லை, அதிலும் வெட்டுக் குத்துதான் கேட்கிறான் என்று எழுதியிருந்தீர்கள். படித்ததிலிருந்து மனசே சரியில்லை.

ஐப்பசியில் சின்னவனைக் கீழ்வீட்டுப் பெரியவரிடம் விட்டுவிட்டு வேலைக்குப் போனோம். தங்கமான மனிதர், எங்கள் வாசல் பனியையும் சேர்த்து அள்ளுவார். ஆனால் அவர் வீட்டில் நாள் முழுக்கச் செய்தி ஓடும். குண்டு விழுந்து ஒரு கட்டடம் சரிந்ததையே திரும்பத் திரும்பக் காட்டியிருக்கிறார்கள். நான்கு வயதுப் பிள்ளைக்கு ஒவ்வொரு தடவையும் புதிதாக ஒரு வீடு விழுகிறது. "இன்னைக்கு எட்டு வீடு விழுந்துச்சுப்பா. நம்ம வீடு எப்ப?" என்று கேட்டான். அப்புறம் படுக்கையை நனைக்க ஆரம்பித்தான். பனி வழிக்கும் லாரி சத்தம் கேட்டால், தொங்கும் கோட்டுகளுக்குப் பின்னால் போய் நின்றுகொள்வான். இரண்டு பாதம் மட்டும் வெளியே தெரியும்.

நிஜம் எது, நடிப்பு எது என்று இந்த வயதில் பிரிக்கத் தெரியாது என்றார் டாக்டர். சில பிள்ளைகள் பயப்படும், சில கை ஓங்கும், சில மரத்துப்போகுமாம். 2 வயதுவரை திரையே வேண்டாம், 5 வயதுவரை நாளைக்கு 1 மணி நேரத்துக்குள் என்பது இங்குள்ள குழந்தை மருத்துவர்கள் சங்கத்தின் அறிவுரை. இப்போது எனக்கு வேலை நேரம் கொஞ்சம் குறைவு, அதனால் நானே பார்த்துக்கொள்கிறேன்.

சின்ன வயதில் நம் வீட்டுப் பட்டாலைக் கூடத்தில் நீங்கள் சூரசம்ஹாரம் சொல்லும்போது உங்கள் முந்தானைக்குள் முகத்தைப் புதைத்துக்கொள்வேன். உடனே குரலைத் தணித்து, சூரன் மயிலும் சேவலுமாக ஆனதைச் சொல்வீர்கள். போனுக்குப் பிள்ளையின் முகம் தெரியாது ஆத்தா. அண்ணனிடம் எடுத்துச் சொல்லுங்கள். சோறு ஊட்டும் நேரமாவது அது வேண்டாம்.

இதை எழுதும்போது ஆத்தங்குடிக் கல் தரையின் குளிர்ச்சி உள்ளங்காலில் படுகிறது. அந்தக் குளிருக்கு ஏங்குகிறேன்.

நம் பூர்வீக வளவு வீட்டு ஓடு மாற்ற என் பங்கைத் தை பிறந்ததும் அனுப்புகிறேன், பெரியப்பச்சியிடம் சொல்லிவிடுங்கள். பிள்ளையார் நோன்புக்கு இழைமாவுப் பக்குவம் கேட்கிறாள் உங்கள் மருமகள். வெல்லம் எவ்வளவு என்று அளவோடு எழுதுங்கள்.

உங்கள் அன்பு மகன்