கைக்குழந்தையின் இழுப்புக்கு ஆன்டிபயாட்டிக் எதற்கு?

அன்புள்ள ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் வாசகர் கேள்விப் பகுதியில் ஒரு தாய் எழுதியிருந்தார். ஐந்து மாதக் குழந்தை, முதலில் மூக்கு ஒழுகியது, பிறகு இருமல், இப்போது இழுப்பு. டாக்டர் பார்த்துவிட்டு பிராங்கியோலைடிஸ், அதாவது நுரையீரலின் சிறு மூச்சுக்குழாய்களில் வீக்கம், என்று சொல்லி, மூக்குக்குச் சொட்டு மருந்து மட்டும் எழுதி அனுப்பிவிட்டார், இது போதுமா என்று கேட்டிருந்தார். அதற்கு உங்கள் பகுதியில் வந்த பதில்: "நெஞ்சில் சளி கட்டியிருப்பதால் ஐந்து நாளைக்கு ஆன்டிபயாட்டிக் சிரப் கொடுத்துவிடுவதே பாதுகாப்பு." இந்த ஒரு வரியைப் படித்ததிலிருந்து எனக்கு மனசு ஆறவே இல்லை.

சொட்டு மருந்தோடு அனுப்பிய அந்த டாக்டர் சரியாகத்தான் செய்திருக்கிறார். நம் ஊரில் அப்படிச் செய்வதற்குத் துணிச்சல் வேண்டும், ஏனென்றால் சீட்டில் நான்கு மருந்து இல்லையென்றால் "இவருக்கு ஒன்றும் தெரியவில்லை" என்று அடுத்த கிளினிக்குக்குப் போய்விடுவார்கள். அவர் எடுத்துச் சொல்லி அனுப்பியதை நீங்கள் ஒரே வரியில் கெடுத்துவிட்டீர்கள்.

நான் அரசு மருத்துவமனையில் குழந்தைகள் வார்டில் செவிலியராக இருந்து ஓய்வு பெற்றவள். மழைக்காலம் தொடங்கினால் எங்கள் வார்டில் இந்தக் குழந்தைகள்தான். நுரையீரலுக்குள் கடைசியில் போய்ச் சேரும் மிகச் சிறிய மூச்சுக்குழாய்கள் வீங்கி, உள்ளே கோழை அடைத்துக்கொள்ளும். பெரும்பாலும் ஆர்.எஸ்.வி. என்கிற வைரஸ்தான் காரணம். ஆன்டிபயாட்டிக் கொல்வது பாக்டீரியாவை. வைரஸை அது ஒன்றும் செய்யாது, கட்டிய கோழையைக் கரைக்கவும் செய்யாது. இது உங்களுக்குத் தெரியாததல்ல, கொரோனா காலத்தில் நீங்களே இரண்டு பக்கம் எழுதினீர்கள். பெரியவர்களின் வைரஸுக்குத் தெரிந்த விஷயம் கைக்குழந்தையின் வைரஸுக்கு வந்ததும் எப்படி மறந்தது?

இதை அனுபவத்தை மட்டும் வைத்துச் சொல்லவில்லை. இந்த நோய்க்கு ஆம்பிசிலின் என்ற ஆன்டிபயாட்டிக்கைக் கொடுத்துப் பார்த்து, பலன் தெரியவில்லை என்று சொன்ன பிரிட்டிஷ் ஆய்வு 1966-லேயே வந்துவிட்டது. 2014-ல், உலகெங்கும் நடந்த மருத்துவ ஆய்வுகளைத் தொகுத்து எடைபோடும் காக்ரேன் குழு, இது சம்பந்தமான 7 ஆய்வுகளை, மொத்தம் 824 குழந்தைகளை, சேர்த்துப் பார்த்து, இரண்டு வயதுக்குட்பட்டவர்களுக்கு இந்த நோயில் ஆன்டிபயாட்டிக் பயன்படும் என்று சொல்லப் போதிய ஆதாரம் இல்லை என்றது. அதே வருஷம் அமெரிக்கக் குழந்தை மருத்துவர் சங்கம், மறு வருஷம் இங்கிலாந்தில் சிகிச்சை வழிகாட்டுதல்களை வகுக்கும் நைஸ் அமைப்பு, இரண்டும் வழக்கமாகக் கொடுக்காதீர்கள் என்றே எழுதிவைத்தன. நம் ஊரில் போனவுடன் மூக்கில் மாட்டுகிற நெபுலைசருக்கும், ஸ்டீராய்டுக்கும்கூட அதே பதில்தான்.

அப்புறம் ஏன் எல்லோரும் "கொடுத்தோம், சரியானது" என்கிறார்கள்? இங்குதான் ஏமாந்து போகிறோம். இந்த நோய் முதல் இரண்டு நாள் சாதாரண சளி போல இருக்கும். மூன்றிலிருந்து ஐந்தாம் நாள் வரைதான் மூச்சுத் திணறல் உச்சத்துக்குப் போகும், அதன் பிறகு தானாக இறங்கும். இருமல் மட்டும் இரண்டு மூன்று வாரம் இழுக்கும். பெற்றவர்கள் பயந்துபோய் ஓடுவது அந்த உச்சத்தில். அப்போது எந்தப் பாட்டிலைத் திறந்தாலும் மறுநாளோ அதற்கடுத்த நாளோ குழந்தை தேறும், பெயர் பாட்டிலுக்குப் போய்விடும். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான்.

என் தங்கை பேத்திக்கு நடந்ததும் இதுதான். நான்கு மாதக் குழந்தை. ஒரு கிளினிக்கில் ஓர் ஆன்டிபயாட்டிக் எழுதினார்கள், இரண்டு நாளில் குறையவில்லை என்று அதைவிட "பவர்" கூடியது என்று செஃபிக்ஸிம் மாற்றினார்கள். குழந்தை தண்ணீராகப் பேதியாகி, புட்டமெல்லாம் வெந்து சிவந்து, துணி பட்டாலே வீறிட்டு அழுதது. இழுப்பு அது பாட்டுக்கு ஐந்தாறு நாளில் அடங்கியது. இன்றைக்கும் தங்கை மருமகள் அந்த இரண்டாவது சிரப்பின் அட்டைப்பெட்டியை அலமாரியில் பத்திரமாக வைத்திருக்கிறாள், அடுத்த தடவை வந்தால் மெடிக்கலில் காட்டி வாங்குவதற்காம். நான் சொன்னால், "பெரியம்மா, நேரில் பார்த்தோமே" என்கிறாள். இப்போது உங்கள் இதழையும் எடுத்துக் காட்டுகிறாள், நான் என்ன பேசுவது?

மெடிக்கலில் கொடுக்கவும் கொடுப்பார்கள். செஃபிக்ஸிம் எல்லாம் 2014 மார்ச் முதல், டாக்டர் சீட்டு இல்லாமல் விற்கக் கூடாத ஹெச்1 பட்டியலில் இருக்கிறது, சீட்டைப் பார்த்து, யாருக்கு, எவ்வளவு என்று பதிவேட்டில் எழுதி மூன்று வருஷம் வைத்திருக்க வேண்டும். அந்தப் பதிவேட்டை எங்கள் பகுதியில் எந்தக் கவுன்டரிலும் நான் பார்த்ததில்லை. இதைப் பற்றி முன்பே உங்களுக்கு எழுதினேன், அச்சில் வந்தது பாதிதான், பதிவேட்டு விஷயம் இருந்த பாதி காணாமல் போனது. இட நெருக்கடி என்று நினைத்துச் சும்மா இருந்துவிட்டேன்.

இன்னொன்றும் பல வருஷமாக மனசில் கிடக்கிறது. குழந்தைக்கு இருமல் நீண்டால் "பிரைமரி காம்ப்ளெக்ஸ்", அதாவது குழந்தைகளுக்கு வரும் ஆரம்பக் காசநோய், என்று சொல்லி மாதக்கணக்கில் காசநோய் மருந்து கொடுத்த வீடுகள் நம் தமிழ்நாட்டில் தெருவுக்குத் தெரு உண்டு. காசநோய் உண்மையாகவே இருந்த குழந்தைகளுக்கு அந்த மருந்து உயிர் காத்தது, மறுக்கவில்லை. ஆனால் வைரஸ் சளி வந்து இருமல் ஓயாத குழந்தைக்கெல்லாம் அந்தப் பெயரை வைத்து, சிறுநீர் ஆரஞ்சு நிறத்தில் போகிற மருந்தைத் தினமும் காலையில் வாயைப் பிளந்து ஊற்றியதை நான் பார்த்திருக்கிறேன். அதைப் பற்றி ஒரு கட்டுரை போடுங்கள் என்று கேட்டதற்கு இன்றுவரை பதில் இல்லை. கர்ப்பிணிகளுக்கு ஆர்.எஸ்.வி. தடுப்பூசி 2023 முதல் வெளிநாடுகளில் வந்துவிட்டது, அதைப் பற்றியும் உங்கள் பக்கங்களில் எதுவும் என் கண்ணில் படவில்லை. 2025-ல் மத்தியப் பிரதேசத்தில் இருமல் சிரப் குடித்துக் குழந்தைகள் செத்தார்களே, நம் காஞ்சிபுரம் மாவட்டத்தில் தயாரான சிரப், அப்போது நீங்கள் எழுதிய தலையங்கத்தைக் கத்தரித்து வைத்திருக்கிறேன். இரண்டு வயதுக்குட்பட்டவர்களுக்கு இருமல் மருந்தே வேண்டாம் என்று மத்திய அரசு சொன்னதையும் அதில் போட்டிருந்தீர்கள். அவ்வளவு நன்றாக எழுதிய இதழில் இந்தப் பதில் எப்படி வந்தது என்பதுதான் எனக்கு வலிக்கிறது.

ஆன்டிபயாட்டிக்கே கூடாது என்று நான் சொல்வதாக நினைக்க வேண்டாம். காதில் சீழ், சிறுநீர்த் தொற்று, பாக்டீரியா நிமோனியா, இப்படி ஏதாவது சேர்ந்திருந்தால் கொடுத்தே ஆக வேண்டும். மூச்சுக்கருவி வைக்கும் அளவுக்குப் போன குழந்தைகளுக்கு எங்கள் டாக்டர்களும் கொடுத்திருக்கிறார்கள். குழந்தையைத் தொட்டுப் பார்த்த டாக்டர் அதை முடிவு செய்யட்டும். கடிதத்தைப் படித்துவிட்டு முடிவு செய்யக் கூடாது.

அந்தத் தாய்க்கு வேறு என்னவெல்லாமோ சொல்லியிருக்கலாம். இந்த வயதுக் குழந்தை பெரும்பாலும் மூக்கு வழியாகத்தான் மூச்சு விடும். மூக்கு அடைத்திருந்தால் மார்பில் வாய் வைத்து இரண்டு இழுப்பு இழுத்துவிட்டு, மூச்சுக்காக விட்டுவிட்டு, முகம் சிவந்து அழும். பால் வேண்டாமோ என்று அம்மாக்கள் நினைப்பார்கள். வார்டில் நாங்கள் செய்ததெல்லாம், உப்புநீர்ச் சொட்டு இரண்டு இரண்டாக விட்டு, சிறிது நேரம் கழித்துக் கோழையை மெதுவாக உறிஞ்சி எடுத்துவிட்டு மறுபடி பாலுக்கு வைப்போம். முன்பு திணறிய அதே குழந்தை கண்ணை மூடிக்கொண்டு குடிக்கும். கொஞ்சம் கொஞ்சமாக, அடிக்கடி கொடுக்கச் சொல்வோம். தேவைப்பட்டால் ஆக்சிஜன், குடிக்கவே முடியாவிட்டால் டியூப் வழியாகப் பால். பெரும்பாலான குழந்தைகள் இவ்வளவில்தான் வீட்டுக்குப் போனார்கள். தலைக்கு ஊற்றியதும் சாம்பிராணிப் புகை போடுவதையும், மூக்கிலும் நெஞ்சிலும் கற்பூரம் தேய்ப்பதையும் நிறுத்தச் சொல்லிப் பாட்டிமார்களோடு மல்லுக்கட்டியதுதான் எங்களுக்குப் பெரிய வேலை.

எப்போது ஆஸ்பத்திரிக்கு ஓட வேண்டும் என்பதையாவது போட்டிருக்கலாமே. மூச்சு விடும்போது விலா எலும்புக்குக் கீழே குழி விழுந்தால், ஒரு நிமிடத்தில் மூச்சு, இரண்டு மாதத்துக்குட்பட்ட குழந்தைக்கு 60-ஐயும், ஒரு வயதுவரை 50-ஐயும் எட்டினால், வழக்கமாகக் குடிப்பதில் பாதிகூடக் குடிக்காவிட்டால், பன்னிரண்டு மணி நேரமாகச் சிறுநீர் போகாவிட்டால் உடனே கிளம்ப வேண்டும். உதடு நீலம் பாரித்தாலோ, மூச்சு நடுவில் நின்று நின்று வந்தாலோ ஒரு நிமிடம்கூடத் தாமதிக்கக் கூடாது. குறைமாதத்தில் பிறந்த குழந்தை, மூன்று மாதம் ஆகாத குழந்தை, இதயக் கோளாறு உள்ள குழந்தை என்றால் இன்னும் சீக்கிரமாகவே. இதைச் சொல்லாமல் சிரப்பைச் சொன்னால், "மருந்துதான் கொடுக்கிறோமே" என்று வீட்டிலேயே வைத்துக்கொண்டிருப்பார்கள், என் பயமெல்லாம் அதுதான்.

நான் கேட்பது பெரிதாக ஒன்றுமில்லை. அடுத்த இதழில், அதே பக்கத்தில், அதே அளவு எழுத்தில் அந்த வரிக்கு ஒரு திருத்தம் போடுங்கள். இந்தக் கடிதத்தைச் சுருக்குவதானால் என் தங்கை வீட்டுக் கதையை எடுத்துவிடுங்கள், மேலே சொன்ன அறிகுறிகளில் மட்டும் கை வைக்க வேண்டாம். கேள்வி கேட்ட அந்த அம்மாவின் முகவரி உங்கள் அலுவலகத்தில் இருக்கும், இதழ் வரும்வரை காத்திருக்காமல் அவருக்கு யாராவது ஒரு போன் செய்து சொல்லிவிட்டால் நல்லது.

இப்படிக்கு,
நெடுநாள் வாசகி,
ஓய்வுபெற்ற செவிலியர்,
தஞ்சாவூர் மாவட்டம்.